பதினேழு முறை செத்த கணவர்

கல்யாணமாகி ஒன்றரை வருஷம் ஆனபோது என் கணவர் எனக்கு ஒரு கம்பியூட்டர் கேம் வாங்கித் தந்தார். என் பிறந்தநாளுக்கு. நான் கேட்டது ஒரு நல்ல பிளெண்டர்.

அவருக்குச் சிங்கப்பூரில் வேலை, ஒரு கிடங்கில் போர்க்லிப்ட் ஓட்டுகிறார். மூன்று பேரோடு ஓர் அறையில் தங்கிக்கொண்டு, சனிக்கிழமை மத்தியானம் மலேசியாவில், லாபிஸில் இருக்கிற எங்கள் வீட்டுக்கு வந்து ஞாயிறு சாயந்திரம் திரும்பிவிடுவார். மற்ற ஐந்து நாளும் ஏழு மணிக்குப் போன் வரும்.

"சாப்பிட்டியா?"

"சாப்பிட்டேன். நீங்க?"

"சாப்பிட்டேன். என்ன கறி?"

"கோழி."

"இங்கயும் கோழிதான்."

இதற்குப் பிறகு இரண்டு பேரும் கொஞ்ச நேரம் மூச்சு விடுவதைக் கேட்டுக்கொண்டிருப்போம். பிறகு அவர் "சரி, ரெஸ்ட் எடு" என்பார். நான் எதிலிருந்து ரெஸ்ட் எடுக்க வேண்டும் என்று எனக்குத் தெரியாது. ஆனாலும் சரி என்பேன்.

அந்தக் கேமில் பனி மூடிய ஒரு பெரிய காடு. கிழிந்த சட்டையோடு அதில் கொண்டுபோய் விடுவார்கள். சாகாமல் இருக்க வேண்டும். அவ்வளவுதான் ஆட்டம். "ரெண்டு பேரும் ஒரே காட்டுல இருக்கலாம். மைக்ல பேசிக்கிட்டே ஆடலாம்" என்றார். ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து அதை என் கம்பியூட்டரில் ஏற்றிக் கொடுத்துவிட்டுப் பஸ் ஏறிப் போனார்.

நான் எதையும் படிக்காமல் தொடுகிற ஆள் இல்லை. செம்பனை எண்ணெய் ஆலையில் ஸ்டோர் என் பொறுப்பு. போல்ட், பேரிங், கிரீஸ், பூட்ஸ், எல்லாம் என் கையெழுத்து இல்லாமல் வெளியே போகாது. புதுக் கையுறை கேட்டு வருகிறவன் பழைய சோடியைக் காட்ட வேண்டும். இடது கையை மட்டும் கொண்டு வருகிறவனை வலது கையைத் தேடி எடுத்து வரச் சொல்லித் திருப்பி அனுப்பிவிடுவேன். ஆலையில் என்னை ஸ்டோர் கிராணி, அதாவது கணக்கப்பிள்ளை, என்பார்கள். முதுகுக்குப் பின்னால் வேறு என்னவோ சொல்வார்கள்.

அதனால் புதிதாக ஆடுகிறவர்களுக்கென்று இணையத்தில் இருக்கிற வீடியோக்களை இரண்டு சாயந்திரம் உட்கார்ந்து பார்த்தேன். அவற்றைப் பேசுகிறவர்களை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. கொடியில் காயும் துணியை மழைக்கு முன் எடுத்து வைக்கத் தெரியாத முகங்கள், நெருப்பு மூட்டுவதைப் பற்றி முக்கால் மணி நேரம் பேசின. எல்லாரும் சொன்ன முதல் அறிவுரை, 'பதறாதீர்கள்.' பதறாதே என்று சொல்லி இந்த உலகத்தில் யார் பதறாமல் இருந்திருக்கிறார்கள்? இன்னொருவர் 'இயற்கையோடு ஒன்றிவிடுங்கள்' என்றார். அவர் அறையில் ஏர்கோன் ஓடுகிற சத்தம் எனக்கே கேட்டது.

இந்தக் குப்பையைப் புடைத்துப் பார்த்ததில் நாலைந்து நெல்மணி தேறியது. பசியால் சாகப் பல நாள் ஆகும், குளிரால் சாக ஒரு மணி நேரம் போதும், அதனால் முதல் நாள் எங்கேயும் சுற்றாமல் சுள்ளி பொறுக்கு. பனியை உருக்கிக் கொதிக்க வைத்துத்தான் குடிக்க வேண்டும். பையில் கனம் ஏறினால் நடை தளரும், ஆற்றுப் பனிக்கட்டியும் உடையும். ஓநாய் வந்தால் ஓடாதே, தீப்பந்தத்தைக் காட்டி நில். பனிப்புயலில் வாசலைத் தாண்டாதே. ஒரு ஸ்டோர் படிவத்தின் பின்பக்கத்தில் இதையெல்லாம் எழுதிக் கம்பியூட்டர் பக்கத்தில் ஒட்டி வைத்தேன்.

திங்கட்கிழமை ஏழு மணிக்கு ஆட ஆரம்பித்தோம். லாபிஸில் அன்றைக்குப் பேய்ப் புழுக்கம். காற்றாடியை ஐந்தில் வைத்தும் முதுகில் வியர்வை வழிந்தது. திரையில் நான் பல் கிட்டிக்கொண்டு நின்றேன். அவர் என் பக்கத்தில்தான் நின்றார், அதே கிழிந்த சட்டையில்.

"வா, அந்த மலைக்கு மேல என்ன இருக்குன்னு பார்ப்போம்."

"மொதல்ல சுள்ளி பொறுக்குங்க."

"சுள்ளி எங்க ஓடிடப் போவுது? வா லா, போவோம்."

அவர் போனார். நான் போகவில்லை. இருபது நிமிஷத்தில் மலை உச்சியில் விறைத்துச் செத்தார். என்ன இருந்தது அங்கே என்று கேட்டேன். ஒண்ணும் இல்ல என்றார்.

ஒருவர் செத்தால் மற்றவர் தனியாகத் தொடரலாம், அல்லது இரண்டு பேரும் முதலிலிருந்து ஆரம்பிக்கலாம். மறுபடியும் ஆரம்பிப்போம் என்றார். அதற்கு முன்னால் நான் கொஞ்சம் பேச வேண்டியிருந்தது. கட்டினவரை நீங்க வாங்க என்றே கூப்பிட்டு, விகுதியில் ஒரு மரியாதையும் குறையாமல் நாறடிக்க எனக்கு நன்றாக வரும். அன்றைக்குக் கால் மணி நேரம் அதைச் செய்தேன். அவர் இடையில் ஒரு வார்த்தை பேசவில்லை.

அடுத்த இரண்டு மாதத்தில் அவர் செத்த விதங்களை எழுதினால் நம்ப மாட்டீர்கள். ஓநாய்க் கறியைப் பச்சையாகத் தின்று வயிற்று வலியில் செத்தார். நெருப்பு மூட்டாமல் குகைக்குள் படுத்துச் செத்தார். எங்கேயோ கிடைத்த இரும்புச் சம்மட்டி, இரண்டு பானை, ஒரு மூட்டைக் கரி எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு ஆற்றைக் கடந்தார். ஆறு அவரைக் கடக்க விடவில்லை. எட்டாவது சாவு கரடியால். நான் ஓடைக்கரையில் குனிந்து சுள்ளி பொறுக்கிக்கொண்டிருந்தேன். குடிசைப் பக்கம் இருந்த மனுஷன் திடீரென்று கத்திக்கொண்டு, கையில் கிடைத்த கல்லை எறிந்துகொண்டு ஓடி வந்தார். என் ஹெட்செட்டில் ஒரு காதுதான் கேட்கும், அதுவும் கரகரவென்று. என்ன என்று கேட்டுத் திரும்புவதற்குள் கரடி அவரைக் கிழித்துப் போட்டுவிட்டது.

"கரடி மேல கல்லை எறியிறவரை இப்பதான் பார்க்கிறேன்" என்றேன்.

"தெரியாம எறிஞ்சிட்டேன்."

"நீங்க போர்க்லிப்ட் ஓட்டுறப்போ ரோட்டுல யாரும் நடக்காம இருக்கணும்னு நான் சாமி கும்பிடுறேன்."

ஒவ்வொரு சாவும் மறுநாள் ஆலைக் கேண்டீனுக்குப் போனது. எண்ணெய் சோதிக்கும் லாப்பில் வேலை பார்க்கும் பெண் என் எதிரில் உட்கார்ந்து, "இன்னைக்கு எப்படிச் செத்தாரு?" என்று கேட்டுவிட்டுத்தான் நாசி லெமாக் சோற்றுப் பொட்டலத்தைப் பிரிப்பாள். என் கணவரின் அக்கா பெக்கோக்கிலிருந்து போன் பண்ணினபோது அவளிடமும் சொன்னேன். தன் தம்பிக்குச் சின்ன வயதிலிருந்தே அவசரம் அதிகம் என்று அவளும் ஒத்துக்கொண்டாள். என் புருஷன் ஒரு மடையன் என்பதை எங்கள் வட்டாரத்தில் அறியாதவர் இல்லை என்கிற அளவுக்கு உழைத்தேன். அதில் எனக்கு ஒரு சந்தோஷம் இருந்தது. அதை மறைத்துப் பயனில்லை. ஏழு மணி எப்போது ஆகும் என்று ஸ்டோர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

ஒரு சனிக்கிழமை பஸ்ஸில் வராமல் ஒரு காரில் வந்து இறங்கினார். ஓட்டி வந்தது அவருடைய அறைத் தோழர். ஆயர் ஈத்தாம்காரர், மாமியார் வீடு சிகாமட்டில். போகிற வழியில் லாபிஸில் இவரை இறக்கிவிட வந்தார். உள்ளே கூப்பிட்டுத் தேத்தண்ணி போட்டேன். தட்டைக் கொண்டுவந்து வைக்கும்போது அந்தத் தோழர் சொன்னார்:

"அண்ணி, நீங்களும் அந்தப் பனிக்காட்டு கேம் ஆடுறீங்களாமே? உங்களுக்கு என்ன கவலை. வீட்டுலயே வாத்தியார் இருக்காரு."

"யாரு வாத்தியார்?"

"இவருதான். எங்க ரூம்ல யாரும் மாட்டிக்கிட்டா இவர்கிட்டதான் கேட்போம். கல்யாணத்துக்கு முன்னாலேர்ந்து ஆடுறாரே. ஒரு தடவை இருநூறு நாள் சாகாம இருந்தாரு. அலாமாக், என்ன ஆட்டம்! நாங்க எல்லாம் பின்னால நின்னு பார்த்தோம்."

என் கணவர் பிஸ்கட் டின்னின் மூடியில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துக்கொண்டிருந்தார்.

வந்தவர் ஒன்றும் புரியாமல் தேத்தண்ணியைக் குடித்து முடித்தார், தன் மாமியாருக்குக் கால் வலி என்றார், கிளம்பினார். கார் முனை திரும்புகிற வரைக்கும் வாசலில் நின்று கை காட்டினேன். பிறகு கதவைச் சாத்தினேன்.

"இருநூறு நாளா?"

"அது ஈசி லெவல்."

"பதினேழு தடவை செத்தீங்க."

"வேணும்னு செத்தது பதினஞ்சுதான். ரெண்டு தடவை நெசமாவே செத்தேன்."

சிரிப்பார் என்று பார்த்தேன், சிரிக்கவில்லை. நாற்காலி விளிம்பில் உட்கார்ந்துகொண்டு, யாரோ சாவியைத் தொலைத்துவிட்டுச் சொல்கிற குரலில் சொன்னார். "நீ போன்ல ரெண்டு வார்த்தைக்கு மேல பேசினதே இல்ல. எனக்கும் பேசத் தெரியல. அன்னைக்கு மலைக்கு அந்தப் பக்கம் உனக்கு ஒரு வீடு காட்டலாம்னுதான் ஓடினேன். குளிரு முந்திக்கிச்சு. அது நெசமான சாவு. அப்ப நீ கால் மணி நேரம் பேசின. உன் ஸ்டோரு, கையுறை தொலைக்கிறவன், உங்க அப்பா கடிகாரத்தைப் பார்த்துப் பார்த்து உங்களைத் திட்டினது, எல்லாம் அந்தத் திட்டுலதான் வந்துச்சு. அதுக்கு முன்னால எனக்கு ஒண்ணும் தெரியாது. உயிரோட இருந்தா நீ பேச மாட்டேங்கிறியேன்னு..."

"அதனால செத்தீங்க."

"செத்தேன்."

ஒரு பெண் இந்த இடத்தில் உருக வேண்டுமாம். லாப்பில் இருக்கிறவள் பிற்பாடு கேட்டுவிட்டு அப்படித்தான் சொன்னாள், கண்ணில் தண்ணீரோடு. எனக்கு உச்சந்தலை வரைக்கும் கோபம்தான் ஏறியது. பாடம் முழுக்கத் தெரிந்தவனுக்கு இரண்டு மாதம் பாடம் நடத்தியிருக்கிறேன். அவரும் கை கட்டி உட்கார்ந்து கேட்டிருக்கிறார். பனியை உருக்கிக் குடிக்க வேண்டும் என்று நான் மூன்று முறை விளக்கினேன், மூன்று முறையும் "ஓ, அப்படியா" என்றாரே! அந்த 'ஓ, அப்படியா'வை நினைக்க நினைக்க எனக்கு எதையாவது உடைக்க வேண்டும் போல் இருந்தது. மனைவியிடம் பேச வேண்டுமென்றால் வாயைத் திறந்து பேச வேண்டும். அதற்கு வக்கில்லாமல் ஒரு ஆள் கரடி வாயில் தலையைக் கொடுப்பானா?

அதையெல்லாம் அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் அதுவும் அவருக்குப் பேச்சாகிவிடும். ஞாயிறு மத்தியானம் சோறு போட்டேன், துணியை மடித்துப் பையில் வைத்தேன். பஸ் ஏறினார். திங்கட்கிழமை ஏழு மணிக்குப் போன் வந்தது. சாப்பிட்டியா, சாப்பிட்டேன், என்ன கறி, மீன். இரண்டு வாரம் இப்படியே போனது.

மூன்றாவது வாரம் நான் தனியாகக் காட்டுக்குள் போனேன். அவர் துணையில்லாமல், அவருடைய நாடகமும் இல்லாமல், இருநூறு நாள் என்ன முந்நூறு நாள் இருந்து காட்டுகிறேன் என்ற எண்ணம். சுவரில் என் தாள். கையில் ஒரு கோப்பை சுடச்சுட மைலோ.

இரண்டாவது நாள் ஓநாய் தின்றது.

சரி, தீப்பந்தம் செய்ய மறந்தது என் தப்பு. மறுபடியும் ஆரம்பித்தேன். இந்த முறை குளிர். விறகு தீர்ந்துவிட்டது. தீரும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. மைலோ ஆறிப்போகிற வரைக்கும் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நாங்கள் சேர்ந்து ஆடின நாட்களில் குடிசை மூலையில் எப்போதும் விறகு இருக்கும். நான் பையில் எதைப் போடுவது, எதை எறிவது என்று அடுக்கிக்கொண்டிருப்பேன், திரும்பினால் விறகு இருக்கும். எங்கிருந்து வந்தது என்று ஒருநாள்கூட நான் கேட்டதில்லை. ஆலையில் ஒரு கிரீஸ் டின் ஸ்டோருக்குள் வந்தால் யார் கொண்டுவந்தது என்று மூன்று பேரைக் கூப்பிட்டு விசாரிக்கிறவள் நான்.

மூன்றாவது முறை விறகை வெட்டி வைத்துவிட்டு அதே ஓடைக்கரைக்குச் சுள்ளி பொறுக்கப் போனேன். குனிந்திருக்கும்போதே பின்னாலிருந்து அடி விழுந்தது. திரை சிவந்தது. கரடி. சத்தம் போட்டிருக்கும், என் ஹெட்செட்டில் அந்தப் பக்கத்துக் காது செத்துப் பல மாதம்.

அன்றைக்குச் செவ்வாய்க்கிழமை. ஏழு மணிக்குப் போன் வந்தபோது, சாப்பிட்டியா என்று அவர் தொடங்குவதற்கு முன்னால் கேட்டேன்.

"அந்தக் கரடி எங்க நின்னுச்சு?"

அவருடைய அறையில் யாரோ சட்டி கழுவுகிற ஓசை கேட்டது.

"உன் பின்னால" என்றார்.

"சொல்லியிருக்கலாம் இல்ல?"

"சொன்னா ஓடியிருப்ப. ஓடினா அது துரத்தும்."

"தாள்ல எழுதி ஒட்டி வச்சிருக்கேன், ஓடக்கூடாதுன்னு."

"அது ஓநாய்க்கு. கரடியைப் பத்தி உன் தாள்ல ஒண்ணும் இல்ல."

உண்மைதான். நான் பார்த்த வீடியோ பண்டிதர்கள் யாரும் கரடியைப் பற்றிச் சொல்லவில்லை, அல்லது அந்த இடத்தில் நான் தேத்தண்ணி போட எழுந்து போயிருப்பேன். எட்டாவது சாவை எந்தக் கணக்கில் வைப்பது என்று கேட்டேன். நெசமான இரண்டில் அது ஒன்று என்றார். மன்னிப்புக் கேட்கிற பழக்கம் எனக்கில்லை. "நாளைக்கு ஏழு மணிக்கு வாங்க. ஒழுங்கா ஆடுறதா இருந்தா மட்டும் வாங்க. வேணும்னு செத்தா இந்த கேமை அழிச்சிடுவேன்" என்றேன்.

ஒழுங்காக ஆடுகிற என் கணவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். சகிக்க முடியாது. மடையனாக இருந்தபோது எவ்வளவோ தேவலை. காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது பார், அங்கே நெருப்பு மூட்டாதே, அந்தக் கட்டையை எடுக்காதே அது ஈரம், பூட்ஸைத் தை, இப்போது தைக்காதே, படு, எழுந்திரு. நான் எதைச் செய்தாலும் அதைச் செய்ய இன்னொரு வழி அவருக்குத் தெரியும். பையை நான் அடுக்கின விதத்தைப் பார்த்து ஒரு பெருமூச்சு விட்டார் பாருங்கள், ஆலை மேனேஜரிடம்கூட அப்படி ஒரு பெருமூச்சை நான் வாங்கினதில்லை. பத்தாவது நாள் கோபத்தில் ஆற்றுக்கு அந்தப் பக்கம் தனிக் குடிசை தேடிப் போய்விட்டேன். இரண்டு நாள் அங்கேயே தனிச் சமையல். மூன்றாம் நாள் என் தீக்குச்சி தீர்ந்தது. கேட்காமலே கொண்டுவந்து வாசலில் போட்டுவிட்டு, பேசாமல் போனார். வாய் பேசாமல் இருந்தால் அவர் நல்ல ஆட்டக்காரர்.

இருபத்து நாலாவது நாள் பனிப்புயல் பிடித்தது. கேமில் புயல் வந்தால் ஒன்றும் செய்ய முடியாது. வெளியே போனால் சாவு. உள்ளே இருந்து நெருப்பைப் பார்த்துக்கொண்டு, புயல் விடுகிற வரை காத்திருக்க வேண்டும். அன்று சாயந்திரம் முழுக்க அது விடவில்லை. விறகு இருந்தது, கறி இருந்தது, தண்ணீர் கொதித்து ஆறிவிட்டது. திட்டுவதற்கும் ஒன்றும் மிச்சமில்லை. இரண்டு பொம்மைகள் நெருப்புக்கு இரண்டு பக்கமும் குந்திக்கொண்டிருந்தன.

"நீ கொஞ்சம் பார்த்துக்க, நான் எழுந்து நின்னுக்கிறேன்" என்றார் திடீரென்று.

"எதுக்கு நிக்கணும்?"

"உட்கார முடியல."

"ஏன்?"

"இடுப்புதான். போர்க்லிப்ட்லயே உட்கார்ந்து உட்கார்ந்து... நாலு மாசமா இருக்கு. காலையில காலை மடக்க முடியாது. பாயில படுக்கிறதும் ஒத்துக்கல."

நாலு மாதம். சனிக்கிழமை வீட்டுக்கு வந்து, கேஸ் சிலிண்டரை ஒற்றைக் கையால் தூக்கிக்கொண்டுபோய்ச் சமையலறையில் வைத்த நாலு மாதம். போனில் கோழியா மீனா என்று கேட்டுக்கொண்டிருந்த நாலு மாதம். சூப்பர்வைசருக்குத் தெரிந்தால் வேறு ஷிப்டில் போட்டுவிடுவார், சனிக்கிழமை லீவு கிடைக்காது, அதனால் யாரிடமும் சொல்லவில்லை என்றார். அறைத் தோழர்தான் சாயந்திரம் தைலம் தேய்த்துவிடுகிறாராம். ஆயர் ஈத்தாம்காரருக்குத் தெரிந்தது லாபிஸில் இருக்கிறவளுக்குத் தெரியவில்லை.

நான் திட்ட ஆரம்பித்தேன். இந்த முறை காட்டைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. அவர் நின்றபடியே கேட்டுக்கொண்டிருந்தார். ஆனால் முன்போல் சும்மா இருக்கவில்லை, பதிலுக்குப் பதில் பேசினார். என் ஸ்டோரில் கனமான பெட்டிகளை நானே இழுக்கிறேன் என்று பெக்கோக்கிலிருந்தே வேலைக்கு வருகிற லாப் பெண் இவர் அக்காவிடம் சொல்லி, அக்கா இவரிடம் சொல்லியிருக்கிறாள். அதற்கு என்ன பதில் என்று கேட்டார். அதைப் பற்றி வேறு நாள் பேசலாம் என்றேன். புயல் ஓய்ந்ததை இரண்டு பேருமே கவனிக்கவில்லை. நெருப்பு தணிந்து, திரையோரம் குளிர் ஏறுகிறது என்று நீலமாக மின்னியபோதுதான் பார்த்தோம்.

திங்கட்கிழமை கிளினிக்குக்குப் போகச் சொன்னேன். போகவில்லை. செவ்வாய்க்கிழமை அதற்கு வேண்டியதைப் பேசினேன். புதன்கிழமை போனார். எக்ஸ்ரே எடுத்திருக்கிறார்கள். படத்தையும் டாக்டர் எழுதின சீட்டையும் போனில் எனக்கு அனுப்பி, எந்த எலும்பு என்று விரலால் வட்டம் போட்டும் காட்டியிருந்தார். தப்பான எலும்பு.